இரத்தினசிங்கத்தின் பெயரில் ஓடிய டிப்பர்

ஒஸ்வால்டின் பெயர் எந்தக் காகிதத்திலும் அகப்படாது. கொட்டாஞ்சேனையில் அவர் குடியிருக்கும் வீடு மனைவி பிறிஜெற்றின் பெயரில் இருக்கிறது. மின்சாரப் பட்டியல் இறந்துபோன தகப்பனின் பெயருக்கு வருகிறது. கைத்தொலைபேசி இலக்கம் மகள் ரொஷேலின் அடையாள அட்டையில் எடுத்தது. குடும்பத்துக்குச் சோறு போட்ட டிப்பர் லொறியோ வெள்ளவத்தையில் இருக்கும் இரத்தினசிங்கம் என்பவரின் பெயரில் இருந்தது. அந்த மனிதரை ஒஸ்வால்ட் கண்ணால் கண்டதில்லை.

கொழும்பில் இதை யாரும் விசித்திரமாகப் பார்ப்பதில்லை. வாகனத்தை விற்பவர் பெயர்மாற்றப் படிவத்தில் கையெழுத்திட்டு, வாங்குபவரின் பெயருக்குரிய இடத்தை வெறுமையாக விட்டுக் கொடுத்துவிடுவார். வாங்கியவர் விரும்பினால் தன் பெயரை நிரப்பலாம். நிரப்பாமல் அடுத்தவருக்கு விற்கலாம். ‘ஓபன் பேப்பர்’ என்று பேர். ராசிக் என்ற தரகர் மூலம் ஒஸ்வால்ட் டிப்பரை வாங்கியபோது அந்தப் படிவமும் ஒரு உறையில் வந்தது. உறையை அலுமாரியில் பிறிஜெற்றின் கூறைச் சேலைக்கு அடியில் வைத்தார். ஆண்டுதோறும் லொறியின் வரியைக் கட்டி, வருமான அனுமதிப்பத்திரம் இரத்தினசிங்கத்தின் பெயரிலேயே எடுத்து முன்கண்ணாடியில் ஒட்டினார். அந்தப் பெயர் அவருக்கு லொறியின் ஒரு உதிரிப்பாகம் போலப் பழகிவிட்டது.

பிறிஜெற்றிடம் காரணம் கேட்டால் எண்பத்து மூன்றைச் சொல்லுவார். அந்த ஆடியில் அவர்களுடைய சந்துக்குள் வந்தவர்களின் கையில் வாக்காளர் இடாப்பு இருந்தது. வீட்டிலக்கத்தையும் பெயரையும் வாசித்துத்தான் கதவைத் தட்டினார்கள். பள்ளிக்கூடப் பையனான ஒஸ்வால்ட் பக்கத்து வீட்டு மலசலகூடத்துக்குள் ஒளித்திருந்து, தன் தகப்பனின் பெயரை ஒரு அந்நியக் குரல் பிழையாக உச்சரிப்பதைக் கேட்டாராம். பெயர் எழுதியிருக்கிற இடத்துக்கு ஆள் வரும் என்று அன்றைக்கு அவருக்கு விளங்கியது.

இந்த விளக்கத்தில் உண்மை இருக்கிறது. ஆனால் அது போதாது. அதே சந்தில் அதே குரலைக் கேட்ட வேறு பலர் பிற்பாடு தங்கள் பெயரில் கடை திறந்தார்கள், காணி எழுதினார்கள். ஒஸ்வால்டிடம் பயத்தோடு சோம்பலும், சோம்பலோடு ஒரு சௌகரியமும் கலந்திருந்தன. பெயர் இல்லாத இடத்தில் பொறுப்பும் இல்லை. துறைமுகத்தில் வேலை செய்த காலத்திலும் அவர் ஒரு முடிவையும் தன் வாயால் சொன்னதில்லை. யார் எதைக் கேட்டாலும் “நீ பாத்துச் செய்” என்பார். மகளுக்கு எந்தப் பள்ளிக்கூடம் என்று மனைவி கேட்டபோதும் அதைத்தான் சொன்னார். கேட்டவர்கள் இதை நம்பிக்கை என்று எடுத்துக்கொண்டார்கள். அவரை நல்ல மனிதர் என்றார்கள்.

டிப்பரை ஓட்டியவர் அனுஜன், மட்டக்குளியில் இருக்கும் ஒஸ்வால்டின் அக்காவின் மகன். முப்பத்தைந்து வயது, கை சுத்தம், வாய் அவ்வளவு சுத்தமில்லை. களனி ஆற்றின் மேற்பக்கத்தில் மணல் ஏற்றி, கொழும்பில் வீடு கட்டுகிறவர்களுக்குக் கொண்டுவந்து கொட்டுவது வேலை. ஆற்று மணலை ஏற்றிச் செல்ல ஒவ்வொரு தடவைக்கும் தனி அனுமதி வேண்டும். ஒரே அனுமதியைக் கண்ணாடியில் வைத்துக்கொண்டு இரண்டாம் முறையும் ஏற்றுவது அந்தப் பாதையில் பலருடைய வழக்கம். பொலிஸ் மறித்தால்தான் அது குற்றம் என்பதுபோல எல்லோரும் நடந்துகொண்டார்கள்.

ஒரு வெள்ளிக்கிழமை ஒஸ்வால்ட் சலூனில் முகத்தில் சவர்க்கார நுரையோடு இருந்தபோது அனுஜன் தொலைபேசியில் வந்தார்.

“மாமா, பெர்மிட் முடிஞ்சிச்சு. தெமட்டகொடையில இன்னொரு லோட் அவசரமா கேக்கிறாங்க. ஏத்தவா, வேணாமா?”

“நீ பாத்துச் செய்.”

“நான் என்னத்தப் பாக்க? நீங்க சொல்லுங்க.”

“நான் சலூன்ல இரிக்கிறன் மகன். நீ பாத்துச் செய்.”

அனுஜன் பார்த்துச் செய்தார். ஆற்றங்கரைப் பாதையிலிருந்து பெருந்தெருவில் ஏறுமிடத்தில் பொலிஸார் நின்றார்கள்.

ஒஸ்வால்ட் அந்தப் பொலிஸ் நிலையத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது லொறி வளவுக்குள் நின்றது. மணல் ஈரம் காயவில்லை. மேசையில் இருந்த சார்ஜன்ட் தலைநிமிராமல், “கவுத லொறியே அயிதிகாரயா?” என்று கேட்டார். லொறிக்குச் சொந்தக்காரர் யார்? ஒஸ்வால்ட் யோசிக்கவில்லை. யோசித்திருந்தால் வேறு பதில் வந்திருக்கும்.

“மகே நெவெய், மஹத்தயா” என்றார். என்னுடையது இல்லை, ஐயா.

சார்ஜன்ட் அதை எழுதிக்கொண்டார். பக்கத்தில் நின்ற அனுஜன் மாமாவைத் திரும்பிப் பார்த்தார்.

அனுஜன் பிணையில் வந்து, நீதவான் முன் குற்றத்தை ஒப்புக்கொண்டு, தண்டப்பணம் கட்டிவிட்டார். அவருடைய பங்கு அதோடு முடிந்தது. லொறியின் பங்கு முடியவில்லை. அளுத்கடையில் ஒரு மாடிப்படிக்குக் கீழே அலுவலகம் வைத்திருந்த சட்டத்தரணி தாரிகா அதை ஒஸ்வால்டுக்கு ஆறுதலாக விளங்கப்படுத்தினார்.

“அங்கிள், இதில ரெண்டு கட்டம் இருக்கு. முதல், விசாரணை முடியும்வரைக்கும் லொறியைப் பிணைமுறியில வெளியில எடுக்கலாம். அதைப் பதிவுகாரர் வந்து கேக்கவேணும். பிறகு வாகன விசாரணை. அதில, இந்தக் குற்றம் நடக்காமல் இருக்கச் சொந்தக்காரர் என்ன செய்தார் எண்டு காட்டவேணும். காட்டாட்டி லொறி அரசாங்கத்துக்கு.”

“நான் ஒண்டும் செய்யல்லையே மிஸ்.”

“அதுதான் பிரச்சினை. நீங்க குற்றம் செய்தீங்களா எண்டு நீதிமன்றம் கேக்கேல்ல. தடுக்க என்ன செய்தீங்க எண்டுதான் கேக்குது.” பிறகு பத்திரங்களைப் புரட்டினார். “ஆரு இந்த இரத்தினசிங்கம்?”

ஒஸ்வால்ட் முதல்முறையாக அந்தப் பெயரை ஒரு மனிதனின் பெயராகக் கேட்டார்.

தரகர் ராசிக்கிடம் பழைய முகவரி கிடைத்தது. வெள்ளவத்தையில் கடற்பக்கமாக இறங்கும் ஒழுங்கையொன்றில் நான்காம் மாடி. கதவைத் திறந்தவர் எழுபது தாண்டியவர். வெள்ளை வேட்டி, நெற்றியில் திருநீறு, கையில் விரித்தபடி பேப்பர். முன்னொரு காலத்தில் ஹாட்வெயார் கடை வைத்திருந்தவர்.

“ஆர் நீங்கள்?”

“ஐயா, நான் ஒங்கட லொறிய வச்சிருக்கிறவன்.”

“என்னட்டை லொறி இல்லை.”

“அதுதான் ஐயா இப்ப பிரச்சினை.”

இருக்கச் சொன்னார். முழுவதையும் கேட்டார். தேத்தண்ணீர் வரவில்லை.

“நான் அதை வித்துப்போட்டன். வித்த பொருளைக் கோட்டிலை நிண்டு என்ரை எண்டு சொல்லச் சொல்லுறீரோ?”

“ஒண்டும் சொல்லத் தேவையில்ல ஐயா. புத்தகத்தில ஒங்கட பேர் இரிக்கி. நீங்க வந்து தலையாட்டினாச் சரி.”

“தலையாட்டுறதும் சொல்லுறதுதான் தம்பி.”

அதோடு அனுப்பிவிட்டார். இரத்தினசிங்கம் தன்னை நேர்மையானவராகக் கருதினார். அது பொய்யுமல்ல. ஆனால் லொறியை விற்ற அன்று, விற்றுவிட்டேன் என்று மோட்டார் போக்குவரத்துத் திணைக்களத்துக்கு ஒரு வரி எழுதிப்போட்டிருந்தால் இந்த மனிதர் அவர் கதவைத் தட்டியிருக்கமாட்டார். வரிசையில் நிற்கப் பஞ்சிப்பட்டுத்தான் அவரும் வெறும் படிவத்தில் கையெழுத்திட்டார். அந்த இடத்தில் அவருக்கும் ஒஸ்வால்டுக்கும் பெரிய வித்தியாசமில்லை. அவருடைய நேர்மை கொஞ்சம் பிந்தி வருகிற வகை.

அடுத்த கிழமை பொலிஸார் இருவர் அதே மாடிக்கு ஏறினார்கள். பதிவுகாரரின் வாக்குமூலம் வேண்டுமாம். அக்கம்பக்கத்துக் கதவுகள் கொஞ்சமாகத் திறந்து மூடின. அன்று பின்னேரம் இரத்தினசிங்கமே ஒஸ்வால்டை அழைத்தார்.

“என்ரை பேரிலை இருக்கிறபடியால் பொலிஸ் என்னட்டை வருது. அப்ப லொறியும் என்ரைதான். நான் அதைப் பாக்கவேணும்.”

“எதுக்கு ஐயா?”

“என்ரை லொறியை நான் பாக்கிறதுக்குக் காரணம் சொல்லவேணுமோ?”

அனுஜனையும் சேர்த்து மூவருமாகப் போனார்கள். பொலிஸ் வளவில் லொறியின் சக்கரங்களைச் சுற்றிப் புல் முளைத்திருந்தது. மணல் இறக்கப்பட்ட பெட்டியில் மழைத்தண்ணீர் தேங்கி நின்றது. இரத்தினசிங்கம் குடைக்காம்பால் டயர்களை ஒவ்வொன்றாகத் தட்டினார்.

“நான் வித்தது நீலம். இதென்ன மஞ்சள்?”

“பெயின்ட் மாத்தினம் ஐயா.”

“ஆரைக் கேட்டு?”

அனுஜன் சிரிப்பை அடக்க முடியாமல் லொறியின் பின்பக்கம் போனார். இரத்தினசிங்கம் ஓட்டுநர் இருக்கைப் பக்கத்துக் கண்ணாடியில் முகத்தை ஒட்டி உள்ளே பார்த்தார். முன்தட்டில் அந்தோனியார் நின்றார்.

“இதிலை பிள்ளையார் இருந்தவர்.”

“இரிக்கிறார் ஐயா” என்றார் அனுஜன், மறுபக்கத்திலிருந்து. “அந்தோனியாருக்குப் பின்னால பாருங்க. நாங்க கழட்டல்ல. ரெண்டு பேரும் இருந்தும் பிடிபட்டம்.”

இரத்தினசிங்கம் பார்த்தார். குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வாசலுக்கு நடந்தார். ஆனால் அடுத்த தவணையில் நீதிமன்றம் வந்து, பதிவு தன் பெயரில் இருப்பது உண்மை என்று சொல்லிப் பிணைமுறியில் கையெழுத்திட்டார். கேட்கும்போது லொறியை நீதிமன்றத்தின் முன் நிறுத்த வேண்டும், விற்கக்கூடாது, உருவத்தை மாற்றக்கூடாது. டிப்பர் இழுத்து ஸ்டார்ட் பண்ணப்பட்டு கொட்டாஞ்சேனைக்கு வந்தது.

மறுநாள் காலை ஒஸ்வால்டின் தொலைபேசி அடித்தது.

“இண்டைக்கு எங்கை போகுது?”

“எது ஐயா?”

“லொறி.”

“ஹெந்தளைக்கு ஐயா. கல்லுத்தூள்.”

“பெர்மிட் இருக்கோ?”

“இரிக்கி.”

“எடுத்து நம்பரை வாசியும்.”

அதன்பிறகு இது தினம் நடந்தது. ஞாயிற்றுக்கிழமை பூசை நேரத்திலும் நடந்தது. நற்கருணை எழுந்தேற்றத்தின்போது சட்டைப்பையில் தொலைபேசி துடித்தால் பிறிஜெற் காதோடு, “எடுங்க, ஒங்கட முதலாளி” என்பார். இரத்தினசிங்கம் ஒஸ்வால்டோடு நிற்கவில்லை. அனுஜனின் இலக்கத்தையும் வாங்கிக்கொண்டார். எத்தனை மணிக்கு ஏற்றியது, எத்தனை மணிக்கு இறக்கியது, எல்லாம் அவருக்குத் தெரியவேண்டும்.

“மாமா, இந்த மனிசனும் லொறிக்குள்ள ஏறி இருக்கிற மாதிரி இரிக்கி” என்றார் அனுஜன். “நேத்து என்னட்டக் கேக்கிறார், ராவில நித்திர ஒழுங்கா கொண்டனானா எண்டு. டிரைவர் நித்திர கொள்ளாட்டி அவருக்குப் பொறுப்பாம்.”

“என்ன சொன்னாய்?”

“கனவில ஒங்களத்தான் கண்டனான் ஐயா எண்டு சொன்னன். வச்சிட்டார்.”

ஏற்றும் தடவைகள் குறைந்தன. ஆனால் அந்த மாதங்களில் லொறி ஒரு தடவையும் அனுமதியில்லாமல் ஓடவில்லை. தன்னுடையது அல்ல என்று தான் நம்பிய பொருளுக்கு ஒரு மனிதர் இவ்வளவு பொறுப்பாக நடந்தார். தன்னுடையது என்று நம்பியவர் அப்படி நடந்ததில்லை. உடைமை என்பது கையில் வைத்திருப்பதா, பதில் சொல்வதா என்ற கேள்விக்கு இந்த இரண்டு பேரும் தங்களை அறியாமல் ஆளுக்கொரு பாதி விடை வைத்திருந்தார்கள். இரண்டு பாதியும் ஒன்றுசேரவில்லை.

விசாரணை பலமுறை தவணை போனபின் ஒருவழியாக நாள் உறுதியானது. அதற்கு முன் தாரிகா எல்லோரையும் அலுவலகத்துக்கு அழைத்தார். இடம் போதாததால் அனுஜன் வெளியே வாகனத்தோடு நின்றார்.

“ஐயா, லொறி பிடிபடுறதுக்கு முன்னம் டிரைவருக்கு என்ன சொல்லியிருந்தீங்கள் எண்டு கேப்பினம்.”

“ஒண்டும் சொல்லேல்லை. அப்ப எனக்கு டிரைவர் ஆரெண்டே தெரியாது” என்றார் இரத்தினசிங்கம்.

“இப்ப ஒவ்வொரு நாளும் சொல்லுறீங்கள்தானே.”

“இப்ப சொல்லுறதை இப்ப சொன்னது எண்டு சொல்லுவன். அப்ப சொன்னது எண்டு சொல்லமாட்டன்.”

தாரிகா பேனையை மேசையில் வைத்தார். “அப்ப ஒஸ்வால்ட் அங்கிள், நீங்கதான் கூட்டில ஏறவேணும். லொறியை வாங்கினது நான், ஓட்டுவிச்சது நான் எண்டு.”

“என்ட பேரிலயா?”

“உங்கட பேரிலதான்.”

“நீங்களே பாத்துச் செய்யுங்க மிஸ்.”

“சாட்சிக்கூட்டில நான் ஏறமுடியாது அங்கிள். பொய் சொல்லுங்க எண்டும் நான் சொல்லமாட்டன். அண்டைக்கு அனுஜன் உங்களுக்கு ஃபோன் எடுத்தவரா? என்ன சொன்னீங்க?”

சுவரில் ஒரு பல்லி விளக்கைச் சுற்றி வந்தது. ஒஸ்வால்ட் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“வேணாம் எண்டுதான் சொன்னன்.”

தாரிகா அதை எழுதிக்கொண்டார். இரத்தினசிங்கம் ஒஸ்வால்டின் முகத்தைப் பார்த்தார். கேட்க அவருக்கு உரிமை இருக்கவில்லை. அந்தத் தொலைபேசி அழைப்பில் அவர் இருக்கவில்லை.

வீட்டுக்கு வரும் வழியில் ஒஸ்வால்ட் மருமகனிடம் அரைகுறையாகச் சொன்னார். “ஏத்தாதே எண்டு நான் சொன்னதா சொல்லவேணுமாம்.”

“சொல்லுங்க மாமா” என்றார் அனுஜன், கண்ணைத் தெருவிலிருந்து எடுக்காமல். “நான் ஏற்கெனவே குத்தத்த ஒத்துக்கிட்ட ஆள்தானே. இன்னும் கொஞ்சம் சேத்துப் போட்டா என்ன, பாரம் கூடவா போகுது.”

நீதிமன்றத்தில் முதலில் இரத்தினசிங்கம் சாட்சி சொன்னார். விற்றதையும், எழுதிப்போடாமல் விட்டதையும், தான் யாருக்கும் அறிவுறுத்தல் கொடுக்காததையும் வரிசையாகச் சொன்னார். யாரும் கேட்காமலே, பிணைக்குப் பிறகு தினமும் கேட்டுவந்ததையும் சொன்னார். மொழிபெயர்ப்பாளர் அதைச் சிங்களத்தில் சொல்லி முடிப்பதற்குள் அடுத்த வசனத்தைத் தொடங்கினார். அவர் இறங்கியபோது லொறியின் நிலை அவர் ஏறியபோது இருந்ததைவிட மோசமாக இருந்தது.

அடுத்து ஒஸ்வால்ட். வேதாகமத்தில் கைவைத்தார். பெயர், வயது, முகவரி. அவருடைய குரல் உள்ளே போயிற்று. சத்தமாகச் சொல்லும்படி நீதவான் கேட்டார். மறுபடி சொன்னார். பின்வாங்கில் இருந்த பிறிஜெற், தன் கணவன் தன் முழுப்பெயரைச் சொல்லிக் கேட்டது கலியாணத்தன்று கோயிலில் ஒருமுறை, இப்போது ஒருமுறை என்று பிற்பாடு சொன்னார்.

அரச தரப்பு அதிகாரி பழைய பக்கமொன்றைப் புரட்டினார். பொலிஸ் நிலையத்தில் லொறி தன்னுடையது இல்லை என்று சாட்சி சொல்லியிருக்கிறார். இன்று தன்னுடையது என்கிறார். ஏன் அப்படிச் சொன்னார்?

“பயத்தில சொன்னன்.”

எதற்குப் பயம்? பிடித்தது மணலுக்கு, அடித்தார்களா, மிரட்டினார்களா?

“இல்ல. என்னுடையது எண்டு சொன்னா எழுதுவாங்க. எழுதினாப் பயம்.”

மொழிபெயர்ப்பாளர் அதைச் சொன்னபோது வழக்குக்கு வந்திருந்தவர்களில் சிலர் சிரித்தார்கள். ஒஸ்வால்டைவிட இளையவரான நீதவான் சிரிக்கவில்லை. தலையைக் குனிந்து ஏதோ குறித்தார். அன்று கூட்டில் ஒஸ்வால்ட் சொன்னவற்றில் முழு உண்மை அது ஒன்றுதான்.

பிறகு கேள்வி வந்தது. சம்பவத்தன்று சாரதி தொலைபேசியில் கேட்டாரா?

“ஓம். இன்னொரு லோட் ஏத்தவா எண்டு கேட்டான். வேணாம் எண்டு சொன்னன்.”

அதில் நின்றிருக்கலாம். தேவையான பொய் அவ்வளவுதான். ஆனால் எதிரே அரச தரப்பு அதிகாரி நம்பாத முகத்தோடு பார்த்துக்கொண்டு நின்றார். வாழ்நாளெல்லாம் முடிவு சொல்லாமல் தப்பிய மனிதருக்கு, சொன்னதாகச் சொல்லும் முடிவு மெலிவாகத் தோன்றியிருக்க வேண்டும். முட்டுக் கொடுக்கப் பார்த்தார்.

“அவன் சொன்னாக் கேக்கமாட்டான் சேர். சின்ன வயசில இருந்தே அப்பிடித்தான். தகப்பனில்லாமல் வளந்தவன்.”

அனுஜன் கடைசி வாங்கில், பிறிஜெற்றுக்குப் பக்கத்தில் இருந்தார். அசையவில்லை.

கட்டளை அடுத்த தவணையில் வந்தது. லொறியை உண்மையில் வைத்திருந்தவர் சாரதியைத் தடுத்திருக்கிறார் என்றும், பிணைக்குப் பின் வாகனம் ஒழுங்காக நடத்தப்பட்டிருக்கிறது என்றும் நீதவான் ஏற்றுக்கொண்டார். இரத்தினசிங்கம் தொலைபேசியில் செய்த தொல்லையும் அந்த ஏற்பில் ஒரு பங்கு. கடும் எச்சரிக்கையோடு லொறி விடுவிக்கப்பட்டது.

வெளியே வேப்பமரத்தடியில் நின்று ஆளாளுக்குக் கை கொடுத்தார்கள். அனுஜன் சட்டைப்பையிலிருந்து சாவியை எடுத்தார்.

“இந்தாங்க மாமா.”

“நீதானே ஓட்டிக்கொண்டு போகவேணும்.”

“சொன்னாக் கேக்காதவன் கையில லொறியக் குடுக்கலாமா? கோட்டுலயே சொல்லியாச்சு.” சிரித்துக்கொண்டுதான் சொன்னார். பகிடி என்று நினைத்து ஒஸ்வால்டும் சிரித்தார். லொறியை வீட்டில் கொண்டுவந்து நிறுத்தியதும் அனுஜன்தான். மறுநாள் காலை அவர் வரவில்லை. அந்தக் கிழமைக்குள் பேலியகொடையில் வேறொருவரின் டிப்பரில் ஏறிவிட்டார் என்று கேள்விப்பட்டார்கள்.

இரத்தினசிங்கம் ஒரு நாள்கூடப் பொறுக்கவில்லை. ஒஸ்வால்டைக் கூட்டிக்கொண்டு போக்குவரத்துத் திணைக்களத்துக்குப் போய், வரிசையில் பக்கத்தில் நின்று, பெயர்மாற்றப் படிவத்தின் வெறும் இடத்தில் அவர் தன் பெயரை எழுதும்வரை காவல் காத்தார். எழுத்துக்கள் சரியா என்று கண்ணாடியை உயர்த்திப் பார்த்தார்.

“இனி உம்மடை” என்றார்.

“காலமைக்கு ஃபோன் எடுப்பீங்களா ஐயா?”

“என்னத்துக்கு? எனக்கும் அதுக்கும் என்ன சம்பந்தம்?”

உண்மையாகவே எடுக்கவில்லை. சில காலை வேளைகளில் ஒஸ்வால்ட் தொலைபேசியை மேசையில் மல்லாத்தி வைத்துப் பார்த்துக்கொண்டிருப்பார். பிறகு அவரே புதிய சாரதிக்கு எடுத்து, இன்றைக்கு எங்கே, பெர்மிட் இருக்கிறதா, நம்பரை வாசி என்று கேட்பார். சத்தியம் பண்ணிச் சொன்னதைப் பிந்தியாவது உண்மையாக்கப் பார்க்கிறாரா, மாதக்கணக்காகக் கேட்ட குரல் தொண்டையில் தங்கிவிட்டதா என்று சொல்ல முடியாது. அவரைக் கேட்டாலும் தெரிந்திராது. எப்படியிருந்தாலும் லொறி ஒழுங்காக ஓடுகிறது. அதற்குமேல் இதில் மெச்ச ஒன்றுமில்லை.

அக்கா வீட்டோடு போக்குவரவு நின்றுவிட்டது. சண்டை இல்லை. தெருவில் கண்டால் அக்கா தலையசைப்பார், அவ்வளவுதான். அந்தோனியார் திருநாளுக்கு வழக்கமாக எல்லோரும் கொட்டாஞ்சேனை வீட்டில்தான் சாப்பிடுவார்கள். அந்த ஆண்டு பிறிஜெற் சமைத்த சோற்றில் பாதி பக்கத்து வீடுகளுக்குப் போனது.

பிறகு, பிள்ளைகள் முதல்முறை நற்கருணை வாங்கும் முதல்நன்மை மாதம் வந்தது. அனுஜனின் மகளுக்கு ஒஸ்வால்ட் ஞானத்தகப்பன். முகத்துவாரத்துக் கோயில் புத்தகத்தில், பிள்ளையின் பெயருக்கு எதிரே, அவருடைய பெயர் இருக்கிறது. அதை அவர் மறுப்பின்றி எழுதவிட்டது ஏன் என்று யாரும் கேட்டதில்லை. பிள்ளைக்கு இந்த ஆண்டு முதல்நன்மை. வெள்ளை உடுப்பும் மெழுகுதிரியும் ஞானத்தகப்பன் வாங்கிக்கொடுப்பது வழமை. அழைப்பு வரவில்லை.

“எடுத்துக் கேளுங்க” என்றார் பிறிஜெற்.

“நீ பாத்துச் செய்.”

பிறிஜெற் கையிலிருந்த துவாயை மடித்துக் கதிரையில் போட்டார். “இல்ல. இத நான் பாக்கமாட்டன். கோட்டுல அந்தக் கதைய சொன்னது நானா? தகப்பனில்லாதவன் எண்டு சொன்னது நானா? பாத்துச் செய், பாத்துச் செய். எல்லாரும் பாத்துச் செய்யத்தான் இந்த நிலைம.”

அவர் குசினிக்குள் போனார். ஒஸ்வால்ட் அனுஜனுக்குத் தொலைபேசி எடுத்தார். மறுபக்கத்தில் எஞ்சின் சத்தம் கேட்டது.

“ஆரு?”

“நான்தான்.”

“ஆரெண்டு சொல்லுங்க. நம்பர் இதில இல்ல.”

“ஒஸ்வால்ட்.”

எஞ்சின் நின்றது.

“நீ கேட்டாய்” என்றார் ஒஸ்வால்ட். “நான் வேணாம் எண்டு சொல்லல்ல. பாத்துச் செய் எண்டு சொன்னன். ரெண்டு தரம் சொன்னன்.”

“அது எனக்குத் தெரியும் மாமா. இத அங்க சொல்லியிருக்கலாம்.”

“சொல்லியிருந்தா லொறி போயிருக்கும்.”

“ஓம். போயிருக்கும்.”

பின்னால் யாரோ ஹோர்ன் அடித்தார்கள். அனுஜன் சிங்களத்தில் ஏதோ கத்தினார்.

“தகப்பன் கதையாவது விட்டிருக்கலாம்” என்றார் பிறகு. “அது என்னத்துக்கு?”

“அது பிழை.”

“பிழைதான்.”

ஒஸ்வால்ட் தொலைபேசியை மற்றக் காதுக்கு மாற்றினார். குசினியில் சத்தம் எதுவும் இல்லை. பிறிஜெற் கேட்டுக்கொண்டு நின்றார்.

“பிள்ளைக்கு உடுப்பு எடுத்தாச்சா?”

“இல்ல.”

“அளவு தெரியாது எனக்கு.”

“எனக்கும் தெரியாது. அவட தாயிட்டக் கேக்கவேணும்.” அனுஜன் எஞ்சினை மறுபடி ஸ்டார்ட் பண்ணினார். “நான் கேட்டு ஒங்களுக்குச் சொல்லவா, நீங்களே அவவுக்கு ஃபோன் எடுக்கிறீங்களா?”

பழைய வார்த்தை நாக்கின் நுனியில் வந்து நின்றது.

“நான் எடுக்கிறன்” என்றார். “நம்பரச் சொல்லு.”